மக்காடமியாவுக்கு ரெண்டு குடம்

“மச்சி, நாலே நாள். ஏலகிரியில ரூம் ஃப்ரீ, சாப்பாடு ஃப்ரீ, காத்து ஃப்ரீ. ஒரே ஒரு வேலைதான். மாமா வீட்டுத் தோட்டத்துல மரத்துக்குத் தண்ணி ஊத்தணும். நீ சும்மாத்தானே இருக்கே!”

ஃப்ரீலான்ஸ் எழுத்தாளன் என்றால் ‘சும்மா இருக்கிறவன்’ என்று நண்பர்கள் மொழிபெயர்த்து ரொம்ப நாளாகிறது. அதை விடுங்கள். ‘ஃப்ரீ’ என்று மூன்று தடவை சொன்னானே, அங்கேதான் விழுந்தேன். எதுவுமே இலவசமில்லை, எங்கேயோ யாரோ அதற்குக் காசு கொடுக்கிறார்கள் என்று பி.காம். முதல் வருஷத்திலேயே எகனாமிக்ஸ் புரொஃபசர் சொல்லிக் கொடுத்தாராம். அன்றைக்கு நான் மேட்னி ஷோவில் இருந்தேன்.

நண்பனின் மாமா ஆம்பூர்க்காரர். ரிட்டயரான பிறகு ஏலகிரியில் அரை ஏக்கர் தோட்டத்தோடு ஓர் ஓட்டு வீட்டில் குடியேறியவர். கண்ணில் புரை. வேலூரில் ஆபரேஷன். மாமியும் கூடப் போகிறார். மார்ச் கடைசி, வெயில் ஆரம்பித்த சமயம். தோட்டத்தைப் பார்த்துக்கொள்ள ஆள் வேண்டும்.

“என்ன மரம்டா?”

“மா, பலா, கொய்யா... அப்புறம் ரெண்டு மக்காடமியா.”

“யாருடா அந்த அம்மா?”

அம்மா இல்லையாம். கொட்டையாம். முந்திரி, பாதாம் வகையறாவில் பெரிய பணக்காரக் கொட்டை. டிரை ஃப்ரூட்ஸ் கடையில் கண்ணாடிக்குப் பின்னால் உட்கார்ந்திருக்கும். விலையைக் கேட்டால் ‘சும்மா பார்க்கத்தான் வந்தேன்’ என்று வேர்க்கடலை வாங்கிக்கொண்டு வருவோமே, அதேதான். அது ஏலகிரியில் காய்க்கிறதா? போய்த்தான் பார்ப்போமே என்று கிளம்பிவிட்டேன்.

*

சென்னை சென்ட்ரலிலிருந்து ‘ஏலகிரி எக்ஸ்பிரஸ்’ என்றே ஒரு வண்டி உண்டு. அது ஏலகிரிக்குப் போகாது! ஜோலார்பேட்டையோடு சரி, அதுவும் ராத்திரியில் போய்ச் சேரும். மலைக்கு பஸ் பிடிக்க வேண்டியவனுக்குக் காலை வண்டிதான் லாயக்கு. காட்பாடி தாண்டி ஆம்பூர் வரும்போது ஜன்னல் வழியே இரண்டு வாசனைகள் சேர்ந்து வருகிற மாதிரி எனக்குத் தோன்றியது. ஒன்று பிரியாணி. இன்னொன்று தோல். முதல் வாசனைக்கு மூக்கை நீட்டினால் இரண்டாவது முந்திக்கொள்கிறது.

ஜோலார்பேட்டையில் இறங்கி, பொன்னேரி கிராமத்தைத் தாண்டியதும் மலைப்பாதை. (நம்ம சென்னை பக்கத்துப் பொன்னேரி இல்லை, இது வேறு.) முன்பு வேலூர் மாவட்டம், 2019 நவம்பரிலிருந்து திருப்பத்தூர் மாவட்டம். மொத்தம் பதினான்கு கொண்டை ஊசி வளைவுகள். ஒவ்வொன்றுக்கும் ஒரு பெயர். புலவர்கள் பாதி, கடையெழு வள்ளல்கள் பாதி. பஸ் திரும்புகிற திரும்பலில் கம்பரும் கபிலரும் கண்ணுக்கு முன்னால் சுற்றினார்கள். பாரி வளைவு வந்தபோது எனக்கு லேசாகக் கர்வம்கூட வந்தது. அவர் முல்லைக்குத் தேர் கொடுத்தார். நாம் மக்காடமியாவுக்குத் தண்ணீர் கொடுக்கப் போகிறோம். ஒரே லைன்தானே!

மேலே சுமார் 1,100 மீட்டர் உயரம். ஊட்டி அளவுக்குக் குளிரெல்லாம் கிடையாது. ஃபேனைப் போடலாமா வேண்டாமா என்று யோசிக்க வைக்கிற மாதிரி ஒரு காற்று, அவ்வளவுதான். அத்தனாவூர், நிலாவூர் என்று பதினான்கு குக்கிராமங்கள். புங்கனூர் ஏரியில் படகு விடுகிறார்கள். ஏரிக்கரையில் பஜ்ஜி விடுகிறார்கள். ஞாயிற்றுக்கிழமைகளில் பெங்களூர் கார்களும் சென்னை கார்களும் யார் முதலில் ஹாரன் அடிப்பது என்று போட்டி போடுகின்றன. இரண்டு தெரு உள்ளே நடந்தால் எல்லாச் சத்தமும் நின்றுவிடுகிறது. பலா மரத்தில் காய்கள் தண்டோடு ஒட்டிக்கொண்டு, டவுன் பஸ்ஸில் ஃபுட்போர்டு அடிக்கிற மாதிரி தொங்குகின்றன.

மாமா வீடு அந்தத் தெருவில்தான். மாமியார் செய்து வைத்த சாம்பார் ஃப்ரிட்ஜில் இருந்தது. (மாமி என்று சொல்ல வந்தேன். எனக்கு இன்னும் கல்யாணமாகவில்லை, வதந்தி கிளப்பாதீர்கள்.) தோட்டத்தின் ஓரத்தில், ஒன்றரை ஆள் உயரத்தில் இரண்டு மரங்கள். பளபளப்பான கரும்பச்சை இலை, விளிம்பில் சின்னச் சின்ன முள். கிளைகளில் சரம் சரமாகப் பூ காய்ந்து, நடுவில் பட்டாணி சைஸில் பச்சைப் பிஞ்சுகள். பெங்களூர் பக்கம் நர்சரியில் ஒட்டுச்செடியாக வாங்கி நட்டு ஐந்து வருஷம். இதுதான் முதல் காய்ப்பு.

*

இனிமேல் நடந்ததைச் சொல்ல எனக்கே கொஞ்சம் கூச்சமாக இருக்கிறது.

முதல் நாள் காலை. கிணற்று மோட்டாரைப் போட்டேன். டியூபை இழுத்து மக்காடமியாவின் அடித்தண்டில் வைத்தேன். உள்ளே வந்து செல்போனில் கிரிக்கெட் பார்க்க உட்கார்ந்தேன். ஒரு விக்கெட் போனதும் போய் டியூபை அடுத்த மரத்துக்கு மாற்றவேண்டும் என்று திட்டம். அன்றைக்கென்று ஓப்பனிங் ஜோடி இரண்டு பேரும் ஆணியடித்த மாதிரி நின்றார்கள். நான் என்ன செய்வேன்?

இரண்டு மணி நேரம் கழித்து மோட்டார் வெறும் காற்றை இழுத்துக் கரகரவென்று கத்தியது. ஓடிப்போய்ப் பார்த்தால், மக்காடமியாவைச் சுற்றி ஒரு குட்டி புங்கனூர் ஏரி. படகு விடாததுதான் பாக்கி. கிணற்றை எட்டிப் பார்த்தேன். அடியில் சேறு.

அப்போதுதான் வேலிப்படல் திறந்து ஓர் அக்கா வந்தார். இடுப்பில் ஒன்று, கையில் ஒன்று, இரண்டு குடம். ராட்டினத்தில் வாளியை இறக்கினார். ‘ணங்’ என்று சத்தம். வாளியில் இரண்டு சொம்பு சேறு வந்தது. அந்தக் கிணறு மூன்று வீட்டுக்குப் பொதுவாம்!

“இன்னா தம்பி, மோட்டார் ரொம்ப நேரம் ஓடிச்சா?”

அவ்வளவுதான் கேட்டார். திட்டியிருந்தால்கூட நிம்மதியாக இருந்திருக்கும். குடங்களை எடுத்துக்கொண்டு தெருக்குழாய்க்கு நடந்தார். நல்ல தூரம். நானும் ஒரு குடத்தை வாங்கிக்கொண்டு பின்னாலேயே நடந்தேன். நிறைந்த குடம் கிட்டத்தட்ட 15 கிலோ. ஏற்றத்தில் பத்து அடிக்கு ஒருதரம் தோள் மாற்றினேன். அக்கா ஒரு தடவைகூட மாற்றவில்லை.

வீட்டுக்கு வந்து மூச்சு வாங்கிக்கொண்டு பால் எடுக்க ஃப்ரிட்ஜைத் திறந்தால், சாம்பார் பாத்திரத்துக்கு அடியில் ஒரு காகிதம். மாமாவின் கையெழுத்து, கணக்குப் பிள்ளைக்கே உரிய குண்டு குண்டு எழுத்து.

‘1. மக்காடமியாவுக்கு வாரம் இரண்டு முறை, மரத்துக்கு இரண்டு குடம். 2. தண்டில் ஊற்றாதே. 3. டி.ஏ.பி. உரம் போடாதே. 4. மோட்டார் போடும் முன் கிணற்றை எட்டிப் பார். 5. சாம்பாரைச் சுட வைத்துச் சாப்பிடு.’

ஐந்தாவதையாவது ஒழுங்காகச் செய்தேன்.

*

மறுநாள் காலையில் அக்காவின் மாமனார் வந்தார். எழுபது வயதிருக்கும். மாமாவுக்குத் தோட்ட விஷயத்தில் குரு அவர்தான். இந்த மலையின் பூர்வகுடிகளான ‘மலையாளி’ மக்களில் ஒருவர். மலையாளி என்றதும் கேரளா சேட்டன் என்று நினைத்துவிடாதீர்கள். ஜவ்வாது, சேர்வராயன், கல்வராயன் என்று நம்மூர் மலைகளில் வாழ்கிற பழங்குடிகள். பேசுவது தமிழ். காஞ்சிபுரத்திலிருந்து மலையேறி வந்தவர்கள் என்று அவர்களிடையே ஒரு வழிவழிக் கதை உண்டு.

நான் கட்டிய ஏரியைச் சுற்றி வந்து பார்த்தார். ஒரு குச்சியால் சேற்றைக் குத்தினார்.

“தம்பி, உனக்கு யாராச்சும் கழுத்துல தண்ணி ஊத்தினா குடிப்பியா?”

“குடிக்க முடியாதுங்க ஐயா.”

“தண்டுதான் மரத்துக்குக் கழுத்து. வாய் அங்க இருக்குது.” குச்சி ஓர் ஐந்தடி தள்ளிப் போய் நின்றது. “உச்சி வெயில்ல மரத்து நிழல் எங்க முடியுதோ, அந்த வட்டத்துல ஊத்து. மெதுவா ஊத்து. ஒரே இடத்துல கொட்டாதே.”

பிறகு கையாலேயே சருகை விலக்கி, மேல்மண்ணை ஓர் அங்குலம் கிளறிக் காட்டினார். வேர் என்றால் கயிறு மாதிரி இருக்கும் என்று நினைத்திருந்தேன். இது பாட்டில் கழுவுகிற பிரஷ் மாதிரி, கொத்துக் கொத்தாக மெல்லிய இழைகள். மேலாகவே ஓடுகிறது.

அங்கேதான் எனக்கு மாமாவின் மூன்றாவது கட்டளையும் புரிந்தது. மக்காடமியாவின் சொந்த ஊர் ஆஸ்திரேலியாவின் கிழக்குக் கரைக் காடுகள். அங்கே மண்ணில் மணிச்சத்து ரொம்பக் குறைவு. கொஞ்சம் கிடைத்தாலும் வழித்து எடுப்பதற்காகத்தான் மரம் இப்படிக் கொத்து வேர் விடுகிறது. அந்த வேரில் கொண்டுபோய் மணிச்சத்து நிறைந்த டி.ஏ.பி.யைக் கொட்டினால், பட்டினி கிடந்தவனுக்கு ஒரே வேளையில் பத்து பிரியாணி போட்ட கதைதான். அதேபோல மேலாக ஓடும் வேர் என்பதால் சீக்கிரம் காய்ந்தும் போகும். தண்ணீர் தேங்கினால் சீக்கிரம் அழுகியும் போகும். காய்ந்தால் பிஞ்சு உதிரும். தேங்கினால் மரமே போகும். நான் இரண்டாவதற்கு ஏற்பாடு செய்து வைத்திருந்தேன்!

1857-ல் ஃபெர்டினாண்ட் வான் முல்லர் என்ற தாவரவியல் அறிஞர், தன் நண்பர் ஜான் மக்காடம் பெயரை இந்த மரத்துக்கு வைத்தார். அதற்கு எத்தனையோ ஆயிரம் வருஷம் முன்பிருந்தே அந்நாட்டுப் பழங்குடிகள் அதைத் தின்றுகொண்டுதான் இருந்தார்கள். 1880-களில் ஹவாய்த் தீவுக்குப் போனது. இன்று தென்னாப்பிரிக்காவிலும் கென்யாவிலும் தோப்பு தோப்பாக நிற்கிறது. நம் மலைத் தோட்டங்களில் மிளகுக்கொடி ஏற்றுவார்களே, சில்வர் ஓக் மரம், அதற்கு மக்காடமியா ஒன்றுவிட்ட சகோதரன். ஒரே நாடு, ஒரே குடும்பம். அண்ணன் எப்போதோ வந்து நம் மலைகளில் ரேஷன் கார்டே வாங்கிவிட்டான். தம்பி இப்போதுதான் வந்து முகவரி தேடுகிறான்.

பெரியவர் மண்வெட்டியால் சின்ன வாய்க்கால் வெட்டி ஏரியை வடித்தார். அந்தத் தண்ணீர் வீணாகாமல் கொய்யாவுக்குப் போனது. வட்டத்துக்குள் பலாச்சருகை ஒரு சாண் கனத்துக்குப் பரப்பினோம். தண்டை மட்டும் ஒட்டாமல் ஒரு சாண் இடைவெளி. புதிதாக நட்ட எலுமிச்சைக் கன்றின் பக்கத்தில் ஒரு மண்பானையைக் கழுத்து வரை புதைத்து, தண்ணீர் நிரப்பி மூடி வைத்தார். பானைச் சுவர் கசிந்து கசிந்து வேருக்குக் கொடுக்குமாம். “இது ரெண்டு மூணு நாளு தாங்கும். நீ உள்ள போயி ஆட்டம் பாரு” என்றார்.

விஷயம் மாமனார் வரைக்கும் போயிருக்கிறது!

*

நாலாம் நாள் மாலை மாமா வந்து இறங்கினார். ஆபரேஷன் கண்ணாடி, கறுப்பாக. கண்ணாடியோடு நேராகத் தோட்டத்துக்குப் போய்ப் பிஞ்சுகளை எண்ணினார். பிறகு, “வா தம்பி, காலாற நடப்போம்” என்று மலை விளிம்புப் பக்கம் கூட்டிப் போனார்.

கீழே வாணியம்பாடி விளக்குகள் ஒவ்வொன்றாக எரிய ஆரம்பித்திருந்தன. அவற்றுக்கு நடுவே வெளுப்பாக ஒரு கோடு. பாலாறு. கர்நாடகத்தில் நந்தி மலைப் பக்கம் பிறந்து, ஆந்திரா தொட்டு, தமிழ்நாட்டுக்குள் 222 கிலோமீட்டர் ஓடுகிற நதி. ஓடுகிற என்பது பழக்கதோஷத்தில் வந்த வார்த்தை. வருஷத்தில் பெரும்பாலான நாள் மணல்தான்.

மாமாவிடம் கிணற்று விவகாரத்தை ஒப்புக்கொண்டேன். கோபித்துக்கொள்வார் என்று பார்த்தால், கீழே ஆம்பூர் இருக்கிற திசையையே பார்த்துக்கொண்டிருந்தார்.

“எங்கப்பாவுக்கு அங்க ஒரு தென்னந்தோப்பு இருந்திச்சு தம்பி. அறுபது மரம். நான் காலேஜ் முடிக்கிறப்போ இளநீர் தித்திக்கும். அப்புறம் ஒரு மாதிரி கரிச்சுது. அப்புறம் குரும்பை உதிர ஆரம்பிச்சுது. எங்கப்பா தண்ணி பத்தலைன்னு நினைச்சு இன்னும் ஊத்துனாரு. ஊத்த ஊத்தப் போச்சு.”

வாசகர்களில் தோல் பதனிடுவது பற்றித் தெரியாதவர்களுக்காக ஒரு வார்த்தை. பச்சைத் தோல் கெடாமலிருக்க உப்பில் போட்டு வைப்பார்கள். பதனிடும்போது அந்த உப்பு முழுக்கக் கழுவப்பட்டுத் தண்ணீரோடு போகும். அந்தக் காலத்தில் ஆவாரம்பட்டை, கடுக்காய் போட்டுப் பதனிட்டார்கள். 1970-களுக்குப் பிறகு ஏற்றுமதி வேகத்தில் குரோமியம் உப்புகள் பெரும்பாலும் அந்த இடத்தைப் பிடித்தன. கழிவு நீர் ஆற்றுக்கும் நிலத்துக்கும் போய், கிணற்றுக்கு வந்தது. மண்ணில் உப்பு ஏறிவிட்டால், ஈரம் இருந்தும் வேரால் குடிக்க முடியாது. ஊறுகாய் ஜாடியில் எலுமிச்சங்காய் சாறு விட்டுச் சுருங்குமே, அந்த மாதிரி.

இந்த வழக்கு 1991-ல் சுப்ரீம் கோர்ட்டுக்குப் போனது. 1996 ஆகஸ்ட் 28-ல் தீர்ப்பு. தோல் பதனிடும் வட்டாரத்தில் கிட்டத்தட்ட 35,000 ஹெக்டேர் விளைநிலம் பாதியோ முழுதோ பயிருக்கு லாயக்கில்லாமல் போனதாக அந்தத் தீர்ப்பிலேயே குறிப்பு இருக்கிறது. ஒரு கிலோ தோலைப் பதப்படுத்தி முடிக்க 35 லிட்டர் தண்ணீர் என்ற கணக்கும் இருக்கிறது. கெடுத்தவரே செலவை ஏற்க வேண்டும் என்பதை இந்நாட்டுச் சட்டத்தின் பகுதியாக அந்தத் தீர்ப்பு அறிவித்தது. ஐந்து மாவட்டத் தோல் ஆலைகளுக்குத் தலா 10,000 ரூபாய் அபராதம். இன்றைக்கு உலகமெங்கும் சுற்றுச்சூழல் சட்டம் படிக்கிறவர்கள் வேலூர் வழக்கைப் படிக்கிறார்கள். ஆனாலும் விவகாரம் முடியவில்லை. 2025 ஜனவரி 30-ல் அதே சுப்ரீம் கோர்ட் மறுபடியும், பாதிக்கப்பட்டவர்களுக்கு இழப்பீடு போய்ச் சேர வேண்டும் என்று உத்தரவு போட வேண்டியிருந்தது.

“அப்போ அந்தக் கம்பெனிக்காரங்க மேல உங்களுக்குக் கோபமே வரலையா மாமா?” என்றேன்.

“நான் எங்க வேலை பார்த்தேன்னு நினைக்கிறே? தோல் கம்பெனியிலதான். இருபத்தெட்டு வருஷம் அக்கவுன்ட்ஸ். என் பொண்ணைப் படிக்க வச்சது அந்தச் சம்பளம். ஊர்ல ஆயிரக்கணக்கான பேருக்கு அடுப்பு எரியுறது அதுலதான். தோல் கொள்முதல், உப்பு, கெமிக்கல், கரண்டு, கூலி எல்லாத்துக்கும் லெட்ஜர்ல பக்கம் போட்டேன். தண்ணிக்குப் பக்கமே இல்லை தம்பி. கிணத்துல வந்தது, இறைச்சோம். ஃப்ரீ!”

எனக்கு அந்த மேட்னி ஷோ ஞாபகம் வந்தது. நான் கட்டியிருந்த பெல்ட், போட்டிருந்த ஷூ, பாக்கெட்டில் இருந்த பர்ஸ் எல்லாம் தோல். சேர்த்து நிறுத்தால் ஒரு கிலோ தேறும். 35 லிட்டர். மக்காடமியாவின் இரண்டு குடத்தைவிடக் கொஞ்சம் அதிகம். தண்ணீர் அளவு என்னவோ சின்னதுதான். மரத்துக்குப் போனது நிழலாக நிற்கிறது. மற்றது போன இடத்தில் அறுபது தென்னை நின்ற அடையாளம் இல்லை.

“அப்புறம் ஏன் மாமா தென்னை வைக்காம இதை வச்சீங்க?”

“இந்த உயரத்துக்குத் தென்னை சரியா வராது. அதுவுமில்லாம...” என்று கண்ணாடியைக் கழற்றப் போனார். டாக்டர் கூடாது என்று சொன்னது ஞாபகம் வந்து கையை இறக்கிவிட்டார். “தென்னைன்னா எங்கப்பா ஞாபகம் வரும். இது யாரையும் ஞாபகப்படுத்தாது.”

*

கிளம்பும் முன் ஒரு காரியம் செய்தேன். படித்த பி.காம்.முக்கு இதுவரை உருப்படியாக வந்த உபயோகம் இதுதான். ஒரு கயிற்றில் முழத்துக்கு ஒரு முடிச்சுப் போட்டுக் கிணற்றில் தொங்கவிட்டேன். ஒரு நோட்டில் கோடு கிழித்து, ‘தேதி, காலை முடிச்சு, எந்த வீடு, எத்தனை குடம்’ என்று நான்கு கட்டம். இத்தனை முடிச்சுக்குக் கீழே போனால் மோட்டார் கிடையாது, வாளிதான் என்று மூன்று வீட்டிலும் பேசி வைத்தோம். முதல் பக்கத்தில் முதல் வரவு என் பெயரில்: ‘ஒரு கிணறு, பாக்கி.’

அக்கா அதைப் படித்துவிட்டுத்தான் முதல் தடவையாகச் சிரித்தார். “சீக்கிரம் கட்டிடு தம்பி, வட்டி ஏறப்போவுது.”

இறங்கும்போது பஸ்ஸில் பாரி வளைவு மறுபடியும் வந்தது. இந்த முறை கர்வமெல்லாம் இல்லை. தேரைக் கொடுத்த வள்ளலுக்காவது அது அவருடைய சொந்தத் தேர். நான் வாரிக் கொடுத்தது மூன்று வீட்டுத் தண்ணீர்.

மழைக்காலம் வந்தபோது எனக்கு ஒரு பார்சல் வந்தது. உள்ளே பிரவுன் நிறத்தில் கோலி குண்டு மாதிரி ஒரே ஒரு கொட்டை. கூடவே குண்டு குண்டு எழுத்தில் ஒரு சீட்டு: ‘மொத்தம் பதினாலு தேறியது. முதல் காய் பெரியவருக்கு. இது உனக்கு. கிணற்றில் ஒன்பது முடிச்சு.’

மக்காடமியா ஓட்டை உடைக்கச் சதுர அங்குலத்துக்குச் சுமார் 300 பவுண்டு அழுத்தம் வேண்டும் என்கிறார்கள். நான் நம்பாமல் கதவிடுக்கில் வைத்து அழுத்தினேன். கீல் கழன்றுவிட்டது. கொட்டை அப்படியே இருக்கிறது.

வாரத்துக்கு நாலு குடம் பார்த்துப் பார்த்து ஊற்றி வளர்த்தது. கதவுக்கா பயப்படும்?